டர்னிப்புக்குத் தண்ணி ஊத்தியாச்சா?

ரொம்ப நாளாச்சு இந்தப் பக்கம் எட்டிப் பார்த்து. மார்ச்ல கணக்கு முடிப்பு, ஏப்ரல்ல ஆடிட், மே மாசம் முழுக்க மாற்றல் லிஸ்ட்டுல நம்ம பேர் இருக்கான்னு அடிவயித்துல புளி கரைச்சது. இப்படியே ஓடிப்போச்சு. நல்லவேளை, இந்தத் தடவை பேர் இல்லை. இன்னும் ஒரு வருஷம் போபால்தான்.

எங்க வீட்டு இளவரசர் கோயம்புத்தூர் காலேஜுக்குப் போய் மூணு வாரம் ஆச்சு. பிறந்ததுல இருந்து ஹூப்ளி, நாக்பூர், போபால்னு எங்க பின்னாடியே சுத்தினவன், இப்பதான் முதல் தடவையா தமிழ்நாட்டுல வாழப் போயிருக்கான். பஸ் போர்டை எழுத்துக் கூட்டித்தான் படிக்கிறானாம். ரங்கமணி தினமும் போன்ல "சாப்பிட்டியா, தூங்கினியா"ன்னு கேட்பார். நானும் அதெல்லாம் கேட்பேன். ஆனா அவன் என்னைக் கேட்கறது ஒரே ஒரு கேள்விதான். "ம்மா, டர்னிப்புக்குத் தண்ணி ஊத்தியாச்சா?"

எங்க ஃப்ளாட் நாலாவது மாடி. பால்கனியில ஒரு துளசி, ஒரு கறிவேப்பிலை. டர்னிப்பெல்லாம் கிடையாது. அவன் கேட்கறது ரூன் ஃபேக்டரி 4-ல இருக்கற டர்னிப். வீடியோ கேம்தாங்க. சிரிக்காதீங்க. நாப்பது தாண்டின பி.காம். பட்டதாரி, வங்கியில விவசாயக் கடன் பார்க்கறவ, ராத்திரி பத்து மணிக்கு பொம்மை வயல்ல தண்ணி ஊத்திட்டு இருக்கேன். எப்படி இந்த நிலைமைக்கு வந்தேன்னு சொல்றேன். கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கலாம்.

2022 ஜூன்ல நாக்பூர்ல இருந்து போபாலுக்கு எனக்கு மாற்றல். பையன் அப்பதான் ஒன்பதாவது. கொரோனாவால ரெண்டு வருஷம் திரையிலயே பள்ளிக்கூடம் நடத்தி, ஒருவழியா கூட்டாளிகளை நேர்ல பார்க்க ஆரம்பிச்சு நாலு மாசம்கூட ஆகலை. அதுக்குள்ள மூட்டையைக் கட்டச் சொன்னா? வந்தான். ஆனா என்கூடப் பேசறதை நிறுத்திட்டான். கோவிச்சுக்கிட்டுக் கதவை அறைஞ்சாக்கூடத் தேவலை. "ம்", "சரி", "பசிக்கலை", இந்த மூணு வார்த்தையிலேயே ஒரு மாசத்தை ஓட்டினான்.

சாயந்தரம் வந்தா கையில நிண்டெண்டோ ஸ்விட்ச். சிங்கப்பூர்ல இருக்கற என் கொழுந்தனார் வாங்கிட்டு வந்தது. அதுல இருந்த நாலஞ்சு விளையாட்டுல இந்த ஒண்ணைத்தான் விடாம ஆடினான். "என்னடா அது"ன்னு கேட்டா, "விவசாயம்"னு ஒரு வார்த்தைல பதில். எனக்குச் சுருக்குனு இருந்துச்சு. ஒன்பது மா நிலம் வெச்சிருந்த மனுஷனோட பேரன், திரையில வயலை உழுதுட்டு இருக்கான்.

அவன் டியூஷன் போன ஒரு நாள், அப்படி என்னதான் இருக்குன்னு எடுத்துப் பார்த்தேன். ஆகாயக் கப்பல்ல இருந்து விழுந்து நினைவு தப்பின ஒரு ஆள், செல்ஃபியாங்கற ஊர்ல வந்து விழறான். ஊருக்குத் தலைவி ஒரு பெண் டிராகன், பேரு வென்டஸ்வில். விழுந்தவனை வர வேண்டிய இளவரசர்னு தப்பா நினைச்சு, அரண்மனையில அறையும் கொடுத்து, பின்பக்கம் தோட்டத்தையும் கொடுத்துடறாங்க. நிஜ இளவரசர் ஆர்தர் வந்து நிக்கறப்பதான் குட்டு வெளிப்படுது. அவரோ "பரவாயில்லை, இளவரசர் வேலையை நீயே பாரு"ன்னு கொடுத்துடறார். பொறுப்பு அலவன்ஸ் இல்லாம ஆக்டிங் மேனேஜர் போட்ட மாதிரி! :-)

காலையில எழுந்து உழணும், விதைக்கணும், தண்ணி ஊத்தணும். ஒவ்வொரு வேலைக்கும் ரூன் பாயிண்ட்னு ஒரு தெம்பு செலவாகும். அது தீர்ந்த அப்புறமும் வேலை பார்த்தா, உயிர்ல இருந்து கழிப்பாங்க. ஓவர்டிராஃப்ட்! இது எனக்கு உடனே புரிஞ்சுது. வயல் வேலை முடிஞ்சா வாளை எடுத்துக்கிட்டுக் காட்டுக்கும் குகைக்கும் போய் அரக்கப் பிராணிங்களோட சண்டை. அதுங்களை அடிச்சே ஆகணும்னு இல்லை. பிடிச்ச பொருளைக் கொடுத்துப் பழக்கினா வீட்டுக்கு வந்து, தீனி போட்டா வயல்ல தண்ணி ஊத்தும், அறுவடையும் பண்ணும். அறுத்ததை ஒரு பெட்டியில போட்டா, ராத்திரியோட ராத்திரியா வித்துக் காசாயிடும்.

இங்கதான் நான் ஒரு புத்திசாலித்தனம் பண்ணினேன். அவனோட பெட்டகத்தைத் திறந்து பார்த்தா கல்லும் இரும்பும் தாதுவுமா ரொம்பி வழியுது. பத்தொன்பது வருஷமா வங்கியில குப்பை கொட்டினவளுக்கு சும்மா கிடக்கற சொத்தைப் பார்த்தா கை ஊறாதா? அத்தனையும் எடுத்து விற்பனைப் பெட்டியில போட்டேன். படுக்க வெச்சேன். காசு வந்துச்சு. பெருமையா சேமிச்சும் வெச்சேன்.

ராத்திரி அவன் ரூம்ல இருந்து ஒரு அலறல். "அம்மாஆஆ! யாரு என் பிளாட்டினத்தை வித்தது?" வாள் அடிக்கறதுக்காக வாரக்கணக்குல குகை குகையாத் தோண்டிச் சேர்த்ததாம். அரை மணி நேரம் கத்தினான். "உனக்குத் தெரியாத எதுலயும் கை வைக்காதே! கேட்காம எல்லாத்தையும் வித்துடுவே! கேட்காம நாக்பூரைக் காலி பண்ணின மாதிரி!"

அப்பத்தான் விஷயம் வெளிய வந்துச்சு.

நான் பதில் பேசலை. பேச என்ன இருக்கு? ஸ்கேல் த்ரீ பிரமோஷன் வேணாம்னு எழுதிக் கொடுத்திருந்தா நாக்பூர்லயே இருந்திருக்கலாம். எழுதிக் கொடுக்கலை. வீட்ல யார்கிட்டயும் கேட்கவும் இல்லை. முடிவு பண்ணிட்டு வந்து சொன்னேன். கொஞ்ச நேரம் கழிச்சு, "சரிடா, அந்தக் குகையைக் காட்டு. நானே திரும்பத் தோண்டிக் கொடுக்கறேன்"னு சொன்னேன். முறைச்சான். அப்புறம் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்து இடம் கொடுத்தான்.

அந்த மூணு வாரம் நான் தோண்டினேன், அவன் பக்கத்துல உட்கார்ந்து திட்டினான். "லெஃப்ட்ல வருது பாரு! ஓடும்மா! ஐயோ, போச்சு." விழுந்தா அந்த ஊர் ஆஸ்பத்திரியில கண் முழிப்போம். ஜோன்ஸ்னு டாக்டர், நான்ஸின்னு அவர் பொண்டாட்டி. எனக்கு ரெண்டு பேரும் நல்லாப் பழக்கமாயிட்டாங்க. :-(

ஒரு நாள் கேட்டேன். "இவ்வளவு விளையாட்டு இருக்கே, இதையே ஏண்டா பிடிச்சுத் தொங்கறே?" கொஞ்சம் யோசிச்சுச் சொன்னான். "இந்த ஊர்ல தினமும் காலையில எல்லாரும் என்கிட்டப் புதுசா ஏதாவது பேசுவாங்கம்மா. ஸ்கூல்ல இன்னிக்கு யாரும் பேசலை."

இதுக்கப்புறம்தான் அந்த ஊர்க்காரங்களை நான் கவனிக்க ஆரம்பிச்சேன். அவன் சொன்னது நிஜம். மத்த விளையாட்டுல ஒரு ஆள் ரெண்டே வசனத்தை வெச்சுக்கிட்டுக் காலம் தள்ளுவான். இங்க மழை பெஞ்சா ஒரு பேச்சு, திருவிழா வந்தா ஒரு பேச்சு, நேத்து நடந்ததுக்கு இன்னிக்கு ஒரு பேச்சு. க்ளோரிகான்னு அரண்மனை வேலைக்காரப் பொண்ணு, நடந்துக்கிட்டே தூங்குவா. விஷ்னால்னு ஒரு பையன், நம்ம ஊர்ப் பேர் மாதிரியே இருக்கா? சமையல் மட்டும் வாயில வைக்க முடியாது. போர்கோலின்னு ஓட்டல்காரர், கொண்டு வர்ற சாப்பாட்டைத் தானே தின்னுடுவார். பாடோன்னு ஒரு கொல்லர், உலகமகா சோம்பேறி. எங்க கிளையில அதே மாதிரி ஒருத்தர் இருக்கார், பேர் சொல்ல மாட்டேன். டிராகன் அம்மாவுக்கு பேன்கேக் மேல உயிர். கம்பீரமா பேச ஆரம்பிப்பா, பேன்கேக்னதும் குழந்தையாயிடுவா.

இன்னொரு விஷயமும் எனக்குப் பிடிச்சுது. இதுல சண்டை போட, உழத் திறமை கூடற மாதிரி, நடக்க, சாப்பிட, குளிக்க, தூங்கறதுக்குக்கூடத் திறமைப் புள்ளி உண்டு. தூங்கினாலும் முன்னேற்றம்! எந்த வங்கியில இப்படி ஒரு அப்ரைசல் இருக்கு?

இந்த விளையாட்டோட ஜாதகத்தையும் கொஞ்சம் சொல்லிடறேன். விவசாய விளையாட்டுங்கற வகையையே பிரபலமாக்கினது 1996-ல ஜப்பான்ல வந்த "பொக்குஜோ மோனோகதாரி". வெளிநாட்டுல ஹார்வெஸ்ட் மூன்னு பேரு. அதை உருவாக்கின யசுஹிரோ வாடா, கியூஷூ தீவுல மியாசாகியில வளர்ந்து, வேலைக்காக டோக்கியோ போனவர். பெருநகரத்துல உட்கார்ந்து சொந்த ஊரை நினைச்சு நினைச்சுத்தான் அந்த யோசனையே வந்துச்சுன்னு அவரே சொல்லியிருக்கார். இதைத் தெரிஞ்சுக்கிட்ட அன்னிக்கு எனக்கு ஒரு மாதிரி ஆயிடுச்சு. நம்ம ஜாதிதான் அவரும், ஊரை விட்டு வந்த ஜாதி.

பத்து வருஷம் கழிச்சு, 2006-ல, அதோட கிளையா வாளும் மந்திரமும் சேர்த்து முதல் ரூன் ஃபேக்டரி. உருவாக்கினது நெவர்லேண்ட்னு ஒரு சின்ன கம்பெனி. நாலாவது பாகம் 2012 ஜூலையில 3டிஎஸ் கருவிக்கு ஜப்பான்ல வந்துச்சு. 2013 அக்டோபர்ல அமெரிக்காவுக்குப் போச்சு. அடுத்த மாசமே நெவர்லேண்ட் கடையை மூடிடுச்சு. பணம் இல்லை. ஐரோப்பாவுல வெளியிடறதை ரத்துன்னு அறிவிச்சு, அப்புறம் 2014 டிசம்பர்லதான் அங்க வந்துச்சு. பெத்தவங்க போயிட்டாங்க, பிள்ளை பொழைச்சுக்கிச்சு. 2019-ல ஜப்பான்லயும் 2020 பிப்ரவரியில வெளிநாடுகள்லயும் "ஸ்பெஷல்"னு ஸ்விட்சுக்கு வந்துச்சு. 2021 டிசம்பர்ல கம்ப்யூட்டருக்கும் வந்துடுச்சு. 3டிஎஸ்ஸுக்கான நிண்டெண்டோவோட இணையக் கடை 2023 மார்ச்ல மூடினப்போகூட இது அதோட போகலை.

அஞ்சாவது பாகத்தையும் ஆசையா வாங்கிக் கொடுத்தேன். படம் இன்னும் அகலமா, முப்பரிமாணத்துல இருந்துச்சு. ரெண்டு வாரம் ஆடிட்டு நாலுக்கே திரும்பிட்டான். "அது ஊரு பெருசும்மா, நடக்கவே நேரம் போயிடுது. இதுல எல்லாரும் பக்கத்துலயே இருக்காங்க"ன்னான். சின்ன அரண்மனை, சுத்தி நாலு தெரு, ஒரு மளிகைக் கடை, ஒரு கொல்லன் பட்டறை, ஒரு குளியல் விடுதி. அஞ்சு நிமிஷத்துல ஊர் முழுக்க ஒரு வணக்கம் வெச்சுட்டு வந்துடலாம். கும்பகோணம் பக்கத்துல எங்க கிராமமும் அவ்வளவுதான் இருக்கும்.

2023 குளிர்காலத்துல அப்பா எங்களோட ரெண்டு மாசம் வந்து இருந்தார். நிலத்தை வித்து ஆறு வருஷம் ஆகியிருந்துச்சு. 2016-ல வடகிழக்குப் பருவமழை மொத்தமா பொய்ச்சுப் போச்சே, அதுக்கு அடுத்த வருஷம் வித்தார். கையெழுத்துப் போட நானும் போயிருந்தேன். "வேணாம்ப்பா"ன்னு ஒரு வார்த்தை சொல்லலை. எந்த முகத்தை வெச்சுக்கிட்டுச் சொல்றது? நாத்தங்காலுக்குப் போனாக்கூட "நீ போய் பேங்க் பரீட்சைக்குப் படி"ன்னு விரட்டுவார். படிச்சேன், வந்துட்டேன். அதுக்கப்புறம் நிலத்தைப் பத்தி நாங்க ரெண்டு பேரும் பேசினதே இல்லை.

ஒரு நாள் நான் ஆபீஸ் விட்டு வந்தா, தாத்தாவும் பேரனும் ஸ்விட்சை டிவியில மாட்டி உட்கார்ந்திருக்காங்க.

"இது என்னடா, வாய்க்கால் இல்லாத வயலு?"

"பூவாளிதான் தாத்தா."

"நல்லா இருக்கு போ. களை எடுக்க ஆள் கூலி என்ன?"

"கூலி இல்லை தாத்தா. இந்த ஆட்டுக்குத் தீனி போட்டா அதுவே பார்த்துக்கும்."

"கூலி கேட்காத ஆளா? எந்த ஊர்ல கிடைக்குது?"

அப்புறம் பேரன் பூதக்கண்ணாடியை எடுத்து மண்ணைக் காட்டினான். இந்த விளையாட்டுல ஒவ்வொரு கட்டத்து மண்ணுக்கும் ஒரு தெம்பு உண்டு. விட்டு விட்டுப் போடாம அதுலயே போட்டுக்கிட்டே இருந்தா மண் சோர்ந்துடும். காய்ஞ்ச புல்லை உரத்தொட்டியில போட்டுத் தேத்தணும். இல்லைன்னா மக்காச்சோளம் விதைச்சு, அறுக்காம அப்படியே மண்ணோட கொத்தி விட்டுடணும். அப்பா நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"டேய், இது தக்கைப்பூண்டு மாதிரியில்ல! பூ விடற சமயத்துல மடக்கி உழுதுடுவோம். அடுத்த நெல்லு கருகருன்னு வரும். இது யாருடா எழுதினது? வயல்ல இறங்கினவனாத்தான் இருப்பான்."

விளைஞ்ச செடியை அரிவாளால அறுத்தா காய்க்குப் பதிலா ஒரு படி தரம் உயர்ந்த விதை கிடைக்கும்னு பேரன் சொன்னான். "விதை நெல்லு எடுத்து வைக்கறது"ன்னு ஒரே வார்த்தையில முடிச்சார் தாத்தா. அன்னிக்குத்தான் அவர் பேரனுக்கு எங்க வயலைப் பத்திச் சொன்னார். எந்த மாவுல தண்ணி நிக்கும், எதுல நிக்காது, எந்த வரப்புல பாம்பு இருக்கும்னு ராத்திரி பதினோரு மணி வரைக்கும். சமையல்கட்டுல நின்னுக்கிட்டு நானும் கேட்டேன். எனக்கே அதுல பாதி தெரியாது.

கடைசியா அப்பா என்னைப் பார்த்துக் கேட்டார். "இதுல கடன் யாருகிட்ட வாங்கறது?"

"கடன் இல்லைப்பா."

"வெலை?"

"தினமும் ஒரே விலைதான். எவ்வளவு போட்டாலும் எடுத்துப்பாங்க."

கொஞ்ச நேரம் திரையையே பார்த்தார். "அப்ப இது விவசாயம் இல்லம்மா. விவசாயம் இப்படி இருந்திருக்கணும்னு ஒருத்தன் ஆசைப்பட்டது."

எனக்கு அவர் சொன்னது தினமும் ஞாபகம் வரும். கிளையில கிசான் கிரெடிட் கார்டு ஃபைல்களுக்கு நடுவுலதான் உட்கார்ந்திருக்கேன். வட்டி ஏழு சதவீதம், தவணை தவறாம கட்டினா சலுகை போக நாலு. கணக்குல சுலபமா இருக்கும். ஆனா சோயாபீன் அறுக்கற நேரத்துல மழை கொட்டும். நல்லா விளைஞ்சா மண்டியில விலை இறங்கும். தவணையைப் புதுப்பிக்க வர்றவர் காலைச் செருப்போட உள்ள வைக்கலாமான்னு வாசல்லயே தயங்கி நிப்பார். செல்ஃபியாவுலயும் புயல் வந்து பயிரைச் சாய்க்கும். ஆனா மறுநாள் காலையில யாரும் பாஸ்புக்கோட வரிசையில நிக்க மாட்டாங்க. ஒரே உழைப்புக்கு ஒரே பலன், விழுந்தா தூக்கி விட ஆஸ்பத்திரி, மண்ணுக்கு ஓய்வு கொடுக்க நேரம். இவ்வளவு வருஷம் கழிச்சும் ஜனங்க இதைத் தேடி வந்து ஆடறதுக்கு எனக்குத் தெரிஞ்ச காரணம் இதுதான். அரக்கனோட சண்டை எல்லாம் அப்புறம்.

கதை தெரிஞ்சுடக் கூடாதுன்னு நினைக்கறவங்க அடுத்த ரெண்டு பத்தியைத் தாண்டிடுங்க.

டிராகன் அம்மாவோட உயிர் ரொம்ப நாளாவே குறைஞ்சுக்கிட்டு வருது. அவளைக் காப்பாத்த அவளோட பழைய சிநேகிதங்க நாலு பேர், அவகிட்டச் சொல்லாமலே, காவலர்களா மாறித் தங்களோட சக்தியைக் கொடுத்துக்கிட்டு உறங்கறாங்க. நாம போய் அவங்களை ஒவ்வொருத்தரா மீட்கிறோம். மீட்கும்போதெல்லாம் அவளுக்குத் தாங்கல் குறையுது. ரெண்டு பக்கமும் பாசம்தான், ரெண்டு பக்கமும் சொல்லாம வெச்சுக்கறதுதான் பிரச்சினை. நாக்பூர் விஷயத்துல நாங்க பண்ணினதும் அதையேதானே?

கிளம்பறதுக்கு முன்னாடி பையன் எனக்குன்னு தனியா ஒரு ஆட்டம் தொடங்கி, ரெண்டாம் பாகம் வரைக்கும் பக்கத்துல உட்கார்ந்து கூட்டிட்டு வந்தான். அது முடியறப்போ டிராகன் அம்மா இருக்கற பெரிய கூடம் காலியாயிடும். மூணாம் பாகத்துல போய் அவளைத் திரும்பக் கொண்டு வரணும். ஆனா அந்த மூணாம் பாகம் நாம நினைச்சப்போ தொடங்காது. ஊர்ல நடக்கற சம்பவங்கள் தானா எப்பவாவது வரும். அது வர்ற வரைக்கும் காத்துக்கிட்டுதான் இருக்கணும். இதைப் பத்தித் திட்டாத ஆட்டக்காரங்களே இல்லைன்னு பையன் சொல்வான்.

போன ஞாயித்துக்கிழமை போன்ல, "இன்னும் வரலையாம்மா?"ன்னு கேட்டான். "வரலைடா"ன்னேன். "வந்தாலும் தொடங்காதே, தீபாவளி லீவுக்கு வர்றேன், சேர்ந்து முடிக்கலாம்"னான். அங்க ரூம்ல கூட இருக்கற திருநெல்வேலிப் பையன் இவனுக்குத் தமிழ் எழுதச் சொல்லித் தர்றானாம். மெஸ்ல சாம்பார் நல்லா இருக்காம். யாராவது பேசறாங்களாடான்னு கேட்க வாய் வரைக்கும் வந்துச்சு. கேட்கலை. அவனே சொன்னான். "பேச ஆள் நிறைய இருக்கும்மா. ஆடத்தான் நேரமே இல்லை."

சரி, மணி பத்தே கால் ஆச்சு. ரங்கமணி குறட்டை ஆரம்பிச்சாச்சு. எழுந்து போய்த் தண்ணி ஊத்தணும். மண்ணு வேற சோர்ந்திருக்கு, அப்பா சொன்ன மாதிரி சோளம் போட்டு மடக்கிடலாம்னு இருக்கேன்.

பி.கு.: அந்த பிளாட்டினம் மொத்தமும் திருப்பித் தோண்டிக் கொடுத்துட்டேன். அசலும் வட்டியும் சேர்த்து. ரசீதுதான் இன்னும் தரலை. :-)